வரம்பில் ஸலாம், பள்ளத்தில் முட்டை

வெளிக்கள வகுப்பில் பறவையைத் தேடிப் பிடிப்பது பெரிய வேலையில்லை. பிள்ளைகளின் வாயை மூடி வைப்பதுதான் வேலை. வகுப்போடு வரம்பில் நடந்தவர்கள் இதை மறுக்கமாட்டார்கள்.

வீடில்லாத குருவி

மாவடிப்பள்ளி வயலுக்கு எட்டாம் வகுப்புப் பிள்ளைகளைக் கூட்டிப்போனேன். அகல வரம்பின் ஓரத்தில் ஆட்காட்டிக் குருவி முட்டையிட்டிருந்தது. கூடு இல்லை, குச்சி இல்லை. சின்னப் பள்ளத்தில் மண்ணிறத்தில் நாலு முட்டை. குஞ்சு பொரிக்கும்வரை தூர நின்று கவனிப்பதென்று முடிவெடுத்தோம்.

சப்றான் எட்டிப் பார்த்துவிட்டுச் சொன்னான்: "சேர், எங்கட உம்மா கல்வீடு கேட்டு வாப்பாவோட ஒவ்வொரு நாளும் சண்டை. இந்த மனிசி ஒண்டும் கேக்கல்லியே!"

ஒரே குரல்

அடுத்த கிழமை மூச்சுக் காட்டாமல் குந்தியிருந்தோம். குருவி அடைகிடந்தது. வயல்காரர் ஆதம்பாவா சைக்கிளில் வந்தார். சைக்கிளுக்கு அது அசையவில்லை. அவர் "அஸ்ஸலாமு அலைக்கும்!" என்றார். வகுப்பு முழுக்க ஒரே குரலில், "வஅலைக்குமுஸ்ஸலாம்!"

குருவி கத்திக்கொண்டு எழும்பியது. திரும்பி வருவதற்குள் காகமொன்று ஒரு முட்டையைக் கொத்திக்கொண்டு போய்விட்டது. ஹஸ்னா அழுதே விட்டாள். வாயைத் திறக்க வேண்டாம் என்றேனே என்று கொஞ்சம் கடுமையாகத்தான் கேட்டேன்.

"ஸலாத்துக்குப் பதில் சொல்லாம இரிக்க ஏலுமா சேர்? காகத்தையெல்லோ நீங்க ஏசணும்!" என்றான் சப்றான்.

மதகடியில் ஹஸ்னா

இப்படியே போனால் மிச்ச மூன்றும் காகத்துக்குத்தான். இனி வராமலே விடுவோமா என்றுகூட யோசித்தேன். வழி சொன்னவள் ஹஸ்னா. கூட்டத்தில் ஓராள் பதில் சொன்னால் எல்லாருக்கும் போதும் என்று மத்ரஸாவில் படித்திருந்தாள். வரம்பு தொடங்கும் மதகடியில் போய் நின்றாள். வருகிறவர்களின் ஸலாத்தை அங்கேயே வாங்கி, எங்கள் எல்லாருக்கும் சேர்த்துப் பதில் சொல்லி, "இனிக் கதைக்காமப் போங்க மாமா, குருவி அடைகிடக்கு" என்று அனுப்பினாள். அங்கிருந்து பார்த்தால் அவளுக்குத் தெரிவது எங்கள் முதுகுகள் மட்டுந்தான். கிழமைக்குக் கிழமை அவள்தான் நின்றாள்.

ஒருநாள் குருவியின் வயிற்றுக்கடியிலிருந்து பஞ்சுபோல ஒரு தலை நீண்டது. பிறகு இன்னொன்று. பிறகு மூன்றாவதும். பிள்ளைகள் இரண்டு கையாலும் வாயைப் பொத்திக்கொண்டார்கள். வந்து பார்க்கச் சொல்லி ஹஸ்னாவுக்குக் கைகாட்டினேன். அவள் அசையவில்லை, தூரத்தில் ஆதம்பாவா வந்துகொண்டிருந்தார். வந்தவர் விஷயம் கேட்டு, சைக்கிளை மதகில் சாத்திவிட்டு அவளுடைய இடத்தில் நின்றார்.

"நீ போய்ப் பாரு மகள். வாற ஸலாமெல்லாம் நான் பாத்துக்கிறன்."

மூன்று குஞ்சு பொரித்ததை ஊர் நம்பிவிட்டது, ஒரு வகுப்பே வாய் திறக்காமல் இருந்தது என்றால்தான் இன்னும் ஒருவரும் நம்புகிறார்களில்லை.