ஆளுக்கொரு கன்ட்ரோலர்

போன வருஷம் ஆடி முடியட்டும்னு காத்திருந்து, ஆவணி பிறந்ததும் நாகமலை புதுக்கோட்டையில எங்க வீட்டுச் சாமான்களைப் பாகம் பிரிச்சோம். அப்பா காலமான பிறகு எனக்கும் தம்பிக்கும் எதுக்கெடுத்தாலும் சண்டை. கடைசியில தண்ணி மோட்டாரை யாரு போடுறதுங்கிற சண்டையில, தனித்தனியாப் போயிரலாம்னு முடிவாச்சு.

தாய்மாமன் நடுவுல உக்காந்து, பீரோ இவனுக்கு, கிரைண்டர் அவனுக்குன்னு பிரிச்சுக்கிட்டே வந்தாரு. டிவிக்குக் கீழ இருந்த வீடியோ கேம் பெட்டிகிட்ட வந்ததும், அது எனக்குன்னு நான் முந்திக்கிட்டேன். தம்பி விடுவானா? விறைப்பா நின்னான். தாய்மாமனுக்கு அது என்ன சாமான்னே தெரியாது. பெட்டி மூத்தவனுக்கு, கூட இருக்கிற கன்ட்ரோலர் ஆளுக்கு ஒண்ணுன்னு தீர்த்துட்டாரு. பெட்டி இல்லாம அது எதுக்கும் ஆகாதுன்னு தெரிஞ்சும், தம்பி அதை எடுத்துப் பைக்குள்ள போட்டுக்கிட்டு, குடும்பத்தோட கொட்டாம்பட்டிப் பக்கம் மாமனார் ஊருக்குப் போயிட்டான். அன்னைக்கு எனக்கு ஜெயிச்ச மாதிரிதான் இருந்துச்சு.

அந்தப் பெட்டியில நாங்க ஆடுனது ஒரே ஒரு கேம். குட்டிக் குட்டிக் காரு. ரோடே கிடையாது, சகதி, மணல்மேடு, பூசணித் தோட்டம், எல்லாம் பஞ்சுமிட்டாய் கலர்ல. பிள்ளைகளுக்குன்னு வாங்குனது. ஆனா ஞாயித்துக்கிழமை ஆனா, நாப்பதைத் தொடப்போற நாங்க ரெண்டு பேரும்தான் அதே பழியாக் கிடப்போம். தம்பிக்கு எப்பவும் மஞ்சக் காரு. குறுக்கு வழி கண்டுபிடிக்கிறேன்னு ஓடைக்குள்ள விழுவான். விழுந்துட்டு, "அண்ணே, நில்லுண்ணே, வாரேன்!"னு கத்துவான். ரேஸ்ல எவனாச்சும் நிப்பானா? நான் நிப்பேன். நின்னா, கிறுக்குப் பய, என்னையே இடிச்சுத் தள்ளிட்டுப் போயிருவான்.

அவன் போன பிறகு தனியா ஆடிப் பார்த்தேன். கம்ப்யூட்டர் ஓட்டுற காருக ஒழுங்கா ஓடுது. ஒண்ணு கூட ஓடையில விழல. உப்புச் சப்பில்ல.

தை மாசம் என் கன்ட்ரோலர்ல பட்டன் உடைஞ்சுபோச்சு. அவன்கிட்ட சும்மாதான கிடக்கும், அதை வச்சு என்ன பண்ணப்போறான், கேட்டு வாங்கியாந்துருவோம்னு ஒரு ஞாயித்துக்கிழமை பைக்கை எடுத்தேன். கடையில புதுசு கிடைக்காமலா இருக்கு? தம்பியைப் பார்க்கணும் போல இருக்குன்னு சொல்ல வாய் வரல, அம்புட்டுதான்.

அவன் உரம் வாங்க மேலூர் போயிருந்தான். தம்பி சம்சாரம்தான் காப்பி கொடுத்துச்சு. வாங்கிக்கிட்டு நிமிர்ந்தா, சுவத்தோரம் அந்தக் கன்ட்ரோலர் சார்ஜ்ல கிடக்குது, லைட்டு மினுங்கிக்கிட்டு.

"மாமா, உங்க தம்பி ஞாயித்துக்கிழமை தவறாம சார்ஜ் போட்டு வச்சிருறாரு. எதுக்குன்னு கேட்டா எந்திரிச்சுப் போயிருறாரு" அப்படின்னுச்சு.

காப்பி டம்ளரைக் கீழ வச்சேன். கன்ட்ரோலரை நான் கேக்கவே இல்ல. நான் வந்ததைச் சொல்ல வேணாம்மான்னு சொல்லிட்டு வெளிய வந்து பைக்கை ஸ்டார்ட் பண்ணேன். மனசு கேக்கல, அணைச்சுட்டேன்.

"இல்ல தாயி, சொல்லு. அண்ணன் நிக்கிறான்னு மட்டும் சொல்லு."

இன்னும் அவன் வரல. எனக்குப் புதுசு ஒண்ணு வாங்கிட்டேன், ஒண்ணே ஒண்ணுதான். ஞாயித்துக்கிழமை ரெண்டு பேரு ஆடுறதுல போட்டுட்டு உக்காந்திருக்கேன். திரையில பாதி இன்னொரு ஆளுக்காகக் காத்துக்கிட்டுக் கிடக்கு. பிரிச்சா ரெண்டு பேருக்குமே இல்லாமப் போற சாமானும் உண்டுன்னு, அம்புட்டுப் பேரு கூடி உக்காந்திருந்த அன்னைக்கு எங்க ரெண்டு பேருக்கும் உறைக்காமப் போச்சே!