பூட்டுக் குறிக்குப் பின்னால் நாற்பத்து மூன்று ஞாயிறுகள்

சரிபார்த்தவற்றை மட்டுமே இங்கே எழுதுகிறேன். என் கண்ணால் கண்டவை, எழுத்தில் கேட்டு எழுத்தில் விடை பெற்றவை, என் காதால் கேட்ட பேச்சு ஆகியவற்றைத் தவிர வேறு எதையும் சேர்க்கவில்லை. இவ்வளவு கறாராக இருப்பதற்குக் காரணம் உண்டு. இந்த விவகாரத்தில் எங்களிடம் உறுதியாகச் சொல்லப்பட்ட செய்திகளில் ஒன்றுகூட நிற்கவில்லை. சொன்னவர்கள் பொய்யர்களும் அல்லர். தங்களுக்குத் தெரியும் என்று அவர்கள் நம்பினார்கள். அவர்கள் நம்பியதை நாங்களும் நம்பினோம். அதே தவற்றை என் வாசகருக்கு நான் செய்யக்கூடாது.

நான் ஒரு கல்லூரியில் தமிழ் கற்பிக்கிறேன். என் கணவர் ஓசூரில் ஒரு தொழிற்சாலையில், தகட்டை அழுத்தி வடிவமாக்கும் பிரஸ் மெஷினை இயக்கியவர். சென்ற ஆண்டுக்கு முந்தைய மழைக்காலத்தில், தகட்டைச் சரிசெய்யும்போது அவருடைய வலக்கையின் ஆள்காட்டி விரலும் நடுவிரலும் நசுங்கின. எலும்பு கூடிவிட்டது, தைத்த தசைநார்தான் பணிய மறுத்தது. விரல் மடங்கும், ஆனால் அழுத்தாது. பிசியோதெரபிஸ்ட் கொடுத்த ரப்பர் பந்தை மூன்று நாள் பிசைந்துவிட்டு, நான்காம் நாள் அவர் அதை அரிசி டப்பாவுக்குள் போட்டு வைத்தார்.

அவருடைய ஷிப்டில் ஒரு வழக்கம் உண்டு. யாராவது படுத்துவிட்டால் எல்லோரும் சேர்ந்து ஆர்லிக்ஸ் பாட்டிலும் ஆப்பிளும் வாங்கிக்கொண்டு வந்து பார்ப்பார்கள். இவரைப் பார்க்க வந்தவர்களுள் பக்கத்து ஊரான பேரிகையிலிருந்து நாள்தோறும் பைக்கில் வேலைக்கு வரும் ஓர் இளைய சகா இருந்தார். அவர்தான் வேறு விதமாக யோசித்தார். எங்கள் வீட்டில் பழைய வீடியோ கேம் பெட்டி ஒன்று தூசி படிந்து கிடந்தது அவருக்குத் தெரியும். அதற்குரிய ஓராண்டு உறுப்பினர் அட்டையை எல்லோர் சார்பாகவும் வாங்கி வந்து நீட்டினார்.

“அண்ணி, ஆப்பிள் நாலு நாள்ல தீந்துடும். இது ஒரு வருஷம். முந்நூறு கேம் இருக்குது. அண்ணன் வெரலுக்கு இதான் டானிக்.”

“வருஷம் முடிஞ்சா?” என்று கேட்டேன்.

“டவுன்லோட் பண்ணிட்டா நம்முளுது அண்ணி. டூல் பாக்ஸ்ல வந்து வுழுந்த ஸ்பானர யாரு திருப்பிக் கேப்பாங்க?”

அந்த விடை எனக்கு நியாயமாகப் பட்டது. இறக்கிய பொருள் நம் பெட்டிக்குள், நம் கூடத்தில், நம் தொலைக்காட்சிக்குக் கீழே இருக்கிறது. இதில் ஐயப்பட என்ன இருக்கிறது?

என் கணவர் தேர்ந்தெடுத்தது ஒரு கார்ப் பந்தய விளையாட்டு. கையில் பிடிக்கும் ஜாய்ஸ்டிக்கின் வலப்பக்க விசையை ஆள்காட்டி விரலால் அழுத்தினால் கார் முடுக்கம் பெறும். மெல்ல அழுத்தினால் மெல்லச் செல்லும்; முழுதும் அழுத்தினால் முழு வேகம். ஓட்டத்தைப் பதிவுசெய்து மீண்டும் போட்டுப் பார்க்கலாம். அப்போது திரையின் அடியில் ஒரு பச்சைக் கோடு தோன்றும். விரல் எவ்வளவு அழுத்தியதோ அவ்வளவு தூரம் அது வலப்பக்கம் நீளும். முதல் ஞாயிற்றுக்கிழமை அந்தக் கோடு பாதியைத் தொடவில்லை. இதை நான் உறுதியாகச் சொல்ல முடியும். அன்று அவர் எழுந்துபோய் முகம் கழுவிக்கொண்டு வந்தார்.

அன்று முதல், ஊரில் இல்லாத சில வாரங்கள் தவிர, ஒவ்வொரு ஞாயிறும் காலை உணவுக்குப் பிறகு அதே தடம், அதே சிவப்புக் கார், ஒரே ஒரு பதிவு. வாரநாள்களில் எவ்வளவு விளையாடினாலும் சேமிப்பது ஞாயிற்றுக்கிழமை ஓட்டத்தை மட்டுமே. ஷிப்ட் முடிவில் உற்பத்திக் கணக்கை எழுதிப் பழகியவரின் ஒழுங்கு அது. மூன்று மாதத்தில் அவர் வேலைக்குத் திரும்பினார். ஆனால் மெஷினுக்கு அல்ல, செய்த பாகங்களைச் சரிபார்க்கும் பரிசோதனை மேசைக்கு. ஆண்டு முடிவில் கம்பெனி மருத்துவர் பார்ப்பார் என்றும், மெஷினுக்குத் திரும்புவதா, நிரந்தரமாக ஸ்டோர்ஸுக்குப் போவதா என்பதை இவரே சொல்ல வேண்டும் என்றும் மேற்பார்வையாளர் கூறியிருந்தார். என் கணவருக்கு மெஷின்தான் வேலை; ஸ்டோர்ஸ் என்பது காகிதத்தில் கையெழுத்து வாங்கிக்கொண்டு பொருள் எடுத்துக் கொடுக்கும் இடம். விரல் முழுதும் அழுத்தும் என்று தமக்கே நிச்சயமானால்தான் மெஷினைக் கேட்பேன் என்றார். நசுங்கிய கையை நம்புவதற்கு அவருக்கு ஒரு சாட்சி தேவைப்பட்டது. முதல் ஞாயிற்றையும் கடைசி ஞாயிற்றையும் அடுத்தடுத்துப் போட்டுப் பார்த்துவிட்டு முடிவு செய்வதாக இருந்தார்.

மருத்துவரைப் பார்க்க வேண்டிய நாள் திங்கள்கிழமை என்று வந்தது. அதற்கு முந்தைய வெள்ளிக்கிழமை உறுப்பினர் காலம் முடிந்தது.

சனிக்கிழமை காலை விளையாட்டின் படத்தின்மீது ஒரு சிறு பூட்டுக் குறி இருந்தது. அழுத்தினால், உறுப்பினர் காலம் முடிந்துவிட்டதால் திறக்க இயலாது என்று ஆங்கிலத்தில் ஒரு வரி வந்தது. விளையாட்டு அழிந்துவிடவில்லை, பெட்டியின் சேமிப்பில் அது அடைத்துக்கொண்டிருந்த இடம் அப்படியே இருந்தது. அமைப்புகள் பகுதிக்குள் சென்று பார்த்தேன். அவருடைய பதிவுகள் வரிசையாக இருந்தன. எண்ணினேன்: நாற்பத்து மூன்று. ஒவ்வொன்றுக்கும் நாள், நேரம், அளவு. அழிக்கவா என்று கேட்டது. திறக்கவா என்று கேட்கவே இல்லை. அந்த விளையாட்டைத் தவிர வேறு எதனாலும் அவற்றைத் திறக்க முடியாது.

புதிய அட்டை வாங்கி எண்ணை இட்டால் தீர்ந்தது என்று எண்ணினோம். வாங்கினோம். கணக்குக்குள் மீண்டும் நுழையச் சொன்னது. கடவுச்சொல் சரியாக இருந்தது. அடுத்து, பதிவுசெய்த கைபேசிக்கு ஓடிபி அனுப்பியிருப்பதாகச் சொன்னது. எந்தக் கைபேசி என்று பார்த்தபோதுதான் எங்கள் தவறு புரிந்தது.

எல்லையோரத்தில் வாழாதவர்களுக்கு இதை விளக்க வேண்டும். இங்கே பலரிடம் இரண்டு எண்கள் இருந்தன. அந்தப் பக்கம் வேலை என்றால் கர்நாடக எண், இந்தப் பக்கம் வீடு என்றால் தமிழ்நாட்டு எண். எல்லைக்கு அப்பால் அத்திப்பள்ளியில் வேலை பார்த்த காலத்தில் இவர் இந்தக் கணக்கைத் தொடங்கியிருக்கிறார். ரோமிங் கட்டணம் ஒழிந்தபின் இரண்டாம் எண்ணுக்குத் தேவை இல்லாமல் போனது. இவரும், இவரைப் போன்ற எத்தனையோ பேரும், அதை ரீசார்ஜ் செய்யாமல் விட்டார்கள். எண் தானாகச் செத்தது. ஒருவரும் அதற்காகக் கவலைப்படவில்லை.

அந்த எண்ணை அழைத்தேன். மணி அடித்தது. ஒரு பெண்மணி எடுத்தார்.

“ஹலோ, யாரு?” என்றார். கன்னடக் குரல். எனக்குத் தெரிந்த கன்னடத்தில், இது முன்பு எங்கள் எண் என்றும், இப்போது அவருக்கு ஓர் ஓடிபி வந்திருக்கும் என்றும், அதைச் சொன்னால் போதும் என்றும் கூறினேன்.

“ஓடிபி கேள்தீரா? நாச்சிகே ஆகல்வா?” வெட்கமில்லையா என்று கேட்டவர், என் உச்சரிப்பைக் கண்டுகொண்டு தமிழுக்கு மாறினார். “தமிழா நீங்க? போன வாரம் ஒருத்தன் பேங்க்குன்னான். இன்னிக்கி நீங்க கேமுன்றீங்க. நாளைக்கு என்ன, கோயில் பிரசாதம்னு கேப்பீங்களா?”

“இல்லைங்க, எங்க வீட்டுக்காரருக்குக் கையில அடிபட்டு…”

“அதான், கை கால்னு சொல்லித்தான் கேப்பாங்க. டிவியில சொல்றாங்க இல்ல?”

இவர் கைபேசியை வாங்கிக்கொண்டார். தொழிற்சாலைக் கன்னடத்தில், என்னைவிடப் பணிவாகக் கேட்டார். அந்தப் பெண்மணியின் குரல் சற்றே தணிந்தது, முடிவு மாறவில்லை.

“அண்ணா, உங்க கை செரியாகட்டும். அதுக்குச் சாமிய வேண்டிக்கறேன். நம்பர் மட்டும் சொல்ல மாட்டேன். இன்னொரு தரம் போன் பண்ணா போலீஸ்ல சொல்லிடுவேன்.”

இணைப்பு அறுந்தது. அவர்மீது எனக்குக் கோபம் இல்லை. நான் அந்த இடத்தில் இருந்தாலும் அதையேதான் செய்திருப்பேன். அவர் சரியாக நடந்துகொண்டார் என்பதுதான் என்னை மேலும் எரிச்சலூட்டியது. திட்டுவதற்குக்கூட ஆள் இல்லை.

நிறுவனத்தின் உதவிப் பக்கத்துக்கு எழுதினேன். பெட்டியின் வரிசை எண், கணக்கு தொடங்கிய ஊர், முதலில் விளையாடிய விளையாட்டு எல்லாவற்றையும் கேட்டார்கள், எழுதினேன். ‘உங்கள் சிரமத்தைப் புரிந்துகொள்கிறோம்’ என்று விடை வந்தது. மறுபடி எழுதினேன், அதே வாக்கியம், கீழே வேறொரு பெயர். கணக்கை மீட்க ஏழு வேலைநாள்கள் ஆகலாம் என்றார்கள். எங்களிடம் இருந்தது ஒன்றரை நாள்.

ஞாயிறு காலை பேரிகைச் சகா தம்முடைய பெட்டியையே பையில் போட்டுக்கொண்டு வந்தார். அவருடைய உறுப்பினர் காலம் முடியவில்லை. பதிவுகளைத் தம் பெட்டிக்கு எப்படியாவது மாற்றிப் பார்க்கலாம் என்பது அவர் திட்டம். இணைத்து, அதே விளையாட்டைத் தேடினார். அவருடைய திரையிலும் அந்தப் படத்தின்மீது அதே பூட்டு.

“இதென்னடா வம்பு… எனக்கு இன்னும் அஞ்சு மாசம் இருக்குதே!”

சிறிய எழுத்தில் இருந்த குறிப்பை நான் படித்துச் சொன்னேன். அந்த விளையாட்டை அந்த வாரத்தோடு உறுப்பினர் பட்டியலிலிருந்தே நீக்கியிருந்தார்கள். தனியாக விலைக்கு வாங்கலாமா என்று கடைப்பக்கத்தில் பார்த்தோம்; இப்போது விற்பனையில் இல்லை என்றிருந்தது. எங்கள் பெட்டி வட்டு போடும் வசதி இல்லாதது. ஆக, அந்தக் கர்நாடகப் பெண்மணி ஆறு இலக்கத்தையும் சொல்லியிருந்தாலும், எங்கள் புதிய அட்டை ஏற்கப்பட்டிருந்தாலும், கதவு திறந்திருக்காது. ஒரு நாள் முழுதும் நாங்கள் தட்டியது சுவரை.

“நம்முளுதுன்னு சொன்னியேடா,” என்றார் என் கணவர்.

“அண்ணா, ஸ்பானர் நம்மகிட்டதான் இருக்குது. கைல எடுக்கத்தான் வுட மாட்டேங்கிறான்.” சிரிக்க வைக்கத்தான் சொன்னார். யாரும் சிரிக்கவில்லை. அவர் பெட்டியைப் பையில் வைத்துக்கொண்டு, டீ வேண்டாம் என்று சொல்லிவிட்டுப் போனார்.

வேறொரு பந்தய விளையாட்டை இவர் போட்டுப் பார்த்தார். அதில் பச்சைக் கோடு இல்லை. விசையின் அழுத்தமும் வேறாக இருந்தது. ஒரு சுற்று ஓட்டிவிட்டு ஜாய்ஸ்டிக்கை வைத்தார்.

“டீச்சர்,” என்றார். அப்படித்தான் என்னை அழைப்பார். “கடைசி ரெண்டு மூணு வாரம் நீயும் கூட உக்காந்துதான பாத்த. கோடு முழுசாப் போச்சா, இல்லையா?”

“போன மாதிரிதான் ஞாபகம்.”

“ஞாபகம் இருக்கட்டும். நீ பாத்தியா?”

“முக்கால்வாசிக்கு மேல போனதப் பாத்தேங்க.”

“மேலன்னா? கடைசிவரைக்குமா? எனக்கு ஓட்டும்போது தெரியல. போட்டுப் பாக்கும்போது நான் ரோட்டத்தான் பாப்பேன். கோட்டப் பாக்குறது நீதான்.”

நான் பார்த்துக்கொண்டிருந்தவள்தான். ஆனால் அந்த வாரங்களில் விடைத்தாள் கட்டு மடியில் இருந்தது. தலையை நிமிர்த்தும்போது பச்சை நிறம் வலப்பக்கத்தில் இருந்தது. விளிம்பைத் தொட்டதா என்று கூர்ந்து பார்க்கவில்லை. பார்க்க வேண்டிய தேவை இருந்ததாகத் தோன்றவில்லை. எல்லாம் உள்ளே இருக்கிறதே, வேண்டும்போது பார்த்துக்கொள்ளலாமே! மாணவர் தவறவிடும் ஒற்றெழுத்தைக்கூடக் குறித்துவைக்கும் நான், நாற்பத்து மூன்று வாரங்களில் ஒரு வரி எழுதிவைக்கவில்லை. தொலைக்காட்சிக்கு எதிரே கைபேசியைப் பிடித்து ஒரு நிமிடம் படம் எடுத்திருக்கலாம். வீட்டில் இரண்டு கைபேசிகள் இருந்தன.

“முழுசாப் போச்சுங்க” என்று நான் சொல்லியிருந்தால் அவர் மறுநாள் மெஷினைக் கேட்டிருப்பார். அந்த வாக்கியம் என் நாவின்மேல் இருந்தது. ஆனால் அதை நம்பி அவர் கைவைக்கப் போவது பிரஸ் மெஷினில்.

“தெரியலங்க,” என்றேன்.

அவர் தலையசைத்தார். தொலைக்காட்சியை அணைத்தார்.

திங்கள் மாலை வந்து, செருப்பைக் கழற்றும்போதே சொன்னார்: “ஸ்டோர்ஸ்னு சொல்லிட்டேன்.”

“டாக்டர் என்ன சொன்னாரு?”

“கையக் குலுக்கிப் பாத்தாரு. நல்லாத்தான் இருக்கு, நீங்க என்ன நினைக்கிறீங்கன்னாரு. என்னத்த நினைக்கிறது? தெரியாம மெஷின்ல கையக் கொடுக்க முடியுமா?”

ஒரு மாதம் கழித்துக் கணக்கு மீட்கப்பட்டுவிட்டதாக நிறுவனத்திடமிருந்து செய்தி வந்தது, வாழ்த்தும் தெரிவித்திருந்தார்கள். புதிய அட்டை ஏற்கப்பட்டது. பூட்டுக் குறி மட்டும் போகவில்லை. அந்த விளையாட்டு பட்டியலுக்குத் திரும்புமா, பதிவுகளின் நகலை எவ்வளவு காலம் வைத்திருப்பீர்கள் என்று இரண்டு கேள்விகள் எழுதிக் கேட்டேன். முதல் கேள்விக்கு, வருங்காலப் பட்டியலைப் பற்றி எதுவும் கூற இயலாது என்றார்கள். இரண்டாம் கேள்விக்கு வந்த விடையில் காலம் எதுவும் குறிப்பிடப்படவில்லை.

கடைசி ஞாயிறுகளில் பச்சைக் கோடு விளிம்புவரை சென்றதா என்பது எனக்குத் தெரியாது. அவர் விரல் மெஷினுக்குப் போதுமானதாக இருந்ததா என்பது எங்கள் இருவருக்கும் தெரியாது.