பஸ் பாட்டின் மெட்டு

என்னைப் பேட்டி காண வருகிறவர்கள் எல்லாரும் ஒரே கேள்வியில்தான் ஆரம்பிக்கிறார்கள். ஜாஸ் பாட எங்கே கற்றுக்கொண்டீர்கள்? சாவு வீட்டில் என்று சொல்வேன். சிரித்துவிட்டு அடுத்த கேள்விக்குப் போய்விடுவார்கள். நானும் விளக்கம் சொல்லிக்கொண்டிருப்பதில்லை.

1991இல் எனக்கு இருபத்திரண்டு வயது. தண்டலம் கூட்ரோட்டிலிருந்து உள்ளே தள்ளி எங்கள் ஊர். ஞாயிற்றுக்கிழமை வேதக்கோயிலில் ஹார்மோனியம் வாசிப்பேன். ஒரு பழைய கிடார் வைத்திருந்தேன். முன்பல் இரண்டும் போய்விட்ட பேண்டு செட்காரர் ஒருவர் விற்ற கிளாரினெட்டும் என்னிடம் வந்து சேர்ந்தது. மவுத் ஆர்கன் திருவிழாவில் வாங்கியது. எதிலும் பெரிய கெட்டிக்காரி கிடையாது. கையில் எடுத்ததைக் கீழே வைக்கத் தெரியாது, அவ்வளவுதான்.

ஸ்ரீபெரும்புதூரில் ஒரு மெல்லிசைக் குழு இருந்தது. கல்யாண வரவேற்புகளில் சினிமாப் பாட்டு பாடுவோம். கீபோர்ட் வாசிக்கிற அண்ணன்தான் முதலாளி. பேஸ் கிடார் வாசிக்கிறவர் மெட்ராஸ்காரர். வாரநாட்களில் அங்கே ஒரு ஹோட்டலில் வாசித்துவிட்டு, முகூர்த்த நாட்களில் எங்களோடு வருவார். நான் இரண்டு டூயட் பாடுவேன், மற்ற பாட்டுகளுக்கு ஹம்மிங் கொடுப்பேன். சொந்தமாகப் பாட்டு கட்டுகிறேன் என்று முதலாளியிடம் ஒருமுறை சொன்னேன். "கட்டிக்கினு வூட்ல வெச்சிக்கம்மா" என்றார்.

பர்மா பஜாரில் வாங்கிய ஒரு கேசட்டில் அட்டையும் இல்லை, பெயரும் இல்லை. ஒரு வெள்ளைக்காரச் சீமையின் கறுப்புக் குரல். ஒரு பெண் பாடுகிறாள், பின்னால் டிரம்பெட் ஒன்று அவளோடு வழக்காடிக்கொண்டே வருகிறது. ஒரு சொல்லும் புரியவில்லை. ஆனால் ஒரு சுரத்திலிருந்து இன்னொன்றுக்கு அவள் வழுக்கிப் போகிற விதம் எனக்கு நன்றாகத் தெரிந்த ஒன்று. என் அம்மா அப்படித்தான் ஒப்பாரி வைப்பாள்.

அம்மா நடவுக்குப் போகிறவள். சுற்றுவட்டாரத்தில் எங்கே சாவு விழுந்தாலும் அம்மா வந்து எடுத்துக்கொடுத்தால்தான் மற்ற பெண்களுக்கு அழுகை கூடும். வட்டமாக உட்கார்ந்து ஒருத்தி தோளில் ஒருத்தி கை போட்டுக்கொண்டு, அம்மா ஒரு வரி சொல்ல மற்றவர்கள் வாங்கிக்கொள்வார்கள். மெட்டு எல்லாருக்கும் பொதுவானதுதான். வரி முடிகிற இடத்தில் குரலை ஒரு வளை வளைத்துக் கீழே விடுவாளே, அது மட்டும் அம்மாவுடையது.

அதை வீட்டில் சொல்லிக்கொடு என்று கேட்க முடியாது. சாவு இல்லாத வீட்டில் ஒப்பாரியை முணுமுணுத்தாலே வாயில் அடி விழும். ஆகவே நான் ஊரில் ஒரு சாவு விடாமல் போனேன். நல்ல பெண், துக்கத்துக்கு முதல் ஆளாக வந்து நிற்கிறது என்று எல்லாரும் சொன்னார்கள். நான் ஓரமாக உட்கார்ந்து தொடையில் விரலால் தாளத்தை எண்ணிக்கொண்டிருப்பேன்.

அதற்கு முந்தின வருஷம், 1990இல், அப்பா மஞ்சள் காமாலையில் போனார். உபதேசியார் வந்து, ஒப்பாரி வேண்டாம், பாமாலை பாடுங்கள் என்றார். பெண்கள் தலையை ஆட்டிவிட்டு அவர் வெளியே போனதும் ஆரம்பித்தார்கள். அன்று அம்மாவின் குரல் போய் நின்ற இடம் ஹார்மோனியத்தில் இரண்டு கட்டைகளுக்கு நடுவில் இருந்தது. அதற்கென்று கட்டையே கிடையாது. கிடாரில் கம்பியை இழுத்துப் பிடித்தால் வரும் என்று நினைத்தேன். அப்பாவின் கால்மாட்டில் உட்கார்ந்துகொண்டு இதைத்தான் நினைத்தேன். மறுநாள் இழுத்துப் பார்த்தேன். வந்தது.

அந்த மெட்டில்தான் என் முதல் பாட்டைக் கட்டினேன். பஸ்சுக்குக் காத்திருக்கிற பாட்டு. ‘கூட்ரோட்டுல நிக்கிறேன், நாலு பஸ்சு போயிடுச்சி, நிக்கிற பஸ்சுல இடமில்ல, இடமிருக்கிற பஸ்சு நிக்கல’ என்று போகும். தாளத்தை மாற்றினேன். கேசட்டில் கேட்டது போலக் கிடார் கார்ட்களைப் போட்டேன். வரியின் முடிவில் அம்மாவின் வளைவை அப்படியே வைத்துக்கொண்டேன். பெற்ற தாய்க்கே அடையாளம் தெரியாது என்று தைரியமாக இருந்தேன்.

ஆவணியில் எங்கள் ஊர்ப் பெண் ஒருத்திக்கு மணிமங்கலத்தில் கல்யாணம். பெண்ணின் அம்மாவும் என் அம்மாவும் ஒரே நடவுக் கூட்டம், வாய்க்கு வாய் அக்கா தங்கச்சி. அந்த வருஷம் மே மாதம் ஸ்ரீபெரும்புதூரில் குண்டு வெடித்தது ஊர் உலகத்துக்கே தெரியும். அதற்குப் பிறகு இருட்டினால் மைக் வைக்க போலீஸ் லேசில் விடவில்லை. அதனால் வரவேற்பை மத்தியானம் மூன்று மணிக்கே வைத்துவிட்டார்கள். டூயட் பாட வேண்டிய பையனுக்குத் தொண்டை கட்டிக்கொண்டது. நேரத்தை நிரப்ப ஆள் வேண்டும். "உன் பாட்டு ஒண்ணு கீதுன்னியே, அத்த வுடு" என்றார் முதலாளி. மைக் முன்னால் வந்து நின்றேன். சொந்தப் பாட்டை நாலு பேர் முன்னால் ஒரே ஒரு தடவை பாடிவிட்டால் போதும், அப்புறம் ஆயுசுக்கும் ஹம்மிங் கொடுக்கச் சொன்னாலும் கொடுக்கிறேன் என்று இருந்தவள் நான்.

முதல் இரண்டு வரிக்கு ஆண்கள் சிரித்தார்கள். பஸ் கஷ்டம் எல்லாருக்கும் உள்ளதுதானே. மூன்றாவது வரியில் பந்தியில் இருந்த பெண்கள் சாப்பிடுவதை நிறுத்தினார்கள். ஒருத்தி கையை உதறினாள். ஒரு கிழவிக்குத் தன்னை அறியாமலே உடம்பு முன்னும் பின்னும் ஆட ஆரம்பித்தது. பெண்ணின் அம்மா மேடைப் படியில் நின்று என்னைப் பார்த்தாள். பிறகு பந்தலின் கோடியில் இருந்த என் அம்மாவைப் பார்த்தாள். முதலாளி என் மைக்கை அணைத்துவிட்டுக் கீபோர்டில் ஒரு சினிமாப் பாட்டைத் தொடங்கினார். பேஸ் கிடார்காரர் மட்டும் என் பாட்டை இன்னும் கொஞ்ச தூரம் தனியாக வாசித்துவிட்டு நிறுத்தினார்.

தீட்டுக் கழிய மேடையில் மஞ்சள் தண்ணீர் தெளித்தார்கள். மணப்பெண் எதுவும் புரியாமல் மாலையைப் பிடித்துக்கொண்டு நின்றாள்.

வீட்டுக்குத் திரும்பும் பஸ்சில் அம்மா தனியாகப் போய் உட்கார்ந்துகொண்டாள். வீட்டுக்குள் வந்ததும், "இன்னாத்துக்குடி அத்தப் பாடுன?" என்றாள்.

"வார்த்தையே வேறம்மா. பஸ்சப் பத்தினது."

"வார்த்த இன்னா வார்த்த. அத்தக் கேட்டா எனக்கு உங்கப்பன் படுத்துக்கினு கீற மாதிரி தெரியுது. கண்ணாலத்துல வந்து அந்த ஆளப் படுக்க வெச்சிட்டியே."

புடவையை மாற்றிக்கொண்டு வந்து, "இனிமே எனக்கு அது வேணாம். நீயே வெச்சிக்க" என்றாள்.

அந்தச் சம்பா நடவுக்கு அம்மாவை யாரும் கூப்பிடவில்லை. பெண்ணின் அம்மா எதிரே வந்தால் வரப்பு மாறிப் போனாள். ஊரில் அடுத்த சாவுக்கு அம்மா போனாள். ஆனால் எடுத்துக்கொடுக்கவில்லை. வாயைப் பொத்திக்கொண்டு மூலையில் உட்கார்ந்திருந்தாள். நான் அதையும் ஓரமாக நின்று பார்த்தேன். அதைக் கெடுத்தது நான்தான் என்பதில் எனக்குச் சந்தேகம் இருக்கவில்லை.

குழுவிலிருந்து முதலாளி என்னை நிறுத்திவிட்டார். பேஸ் கிடார்காரர் மெட்ராஸ் ஹோட்டலுக்கு வரச் சொன்னார். அங்கே வாரத்தில் மூன்று நாள் கிடாரும் கிளாரினெட்டும் வாசித்தேன். இங்கிலீஷ் பாட்டுகளுக்கு நடுவே ஒருநாள் பஸ் பாட்டைப் பாடினேன். சாப்பிட்டுக்கொண்டிருந்த யாரும் கையை உதறவில்லை. கைதட்டினார்கள். இன்னொரு தரம் என்றார்கள். என் பிழைப்பு அங்கிருந்துதான் தொடங்கியது. பிறகு கேசட், சிடி, வெளியூர், வெளிநாடு. எங்கே போனாலும் கடைசிப் பாட்டு அதுதான். அந்த வளைவு வரும்போது முன்வரிசையில் யாராவது கண்ணை மூடிக்கொள்வார்கள். ‘இந்திய ப்ளூஸ்’ என்று எழுதினார்கள். நானும் மறுக்கவில்லை.

அம்மாவுக்குப் பணம் அனுப்பினேன். வாங்கிக்கொண்டாள். வருஷத்துக்கு ஒருமுறை வந்து இரண்டு நாள் இருப்பேன். இருவரும் பாட்டைப் பற்றிப் பேசமாட்டோம். ஒவ்வொரு தடவையும் ரோட்டோரத்தில் புதிதாக ஒரு கம்பெனி வந்திருக்கும். நடவுக்குப் போனவர்களின் பெண்கள் நீலச் சட்டை போட்டுக் கம்பெனி பஸ்சுக்கு நின்றுகொண்டிருப்பார்கள். இப்போது எல்லா பஸ்சும் நின்றது.

அம்மா போன செய்தி வந்தபோது நான் ஒரு கச்சேரிக்கு ஒத்திகை பார்த்துக்கொண்டிருந்தேன். ஊருக்கு வந்து சேர்ந்தேன். பெண்கள் வட்டமாக உட்கார்ந்திருந்தார்கள், ஆனால் யாரும் ஆரம்பிக்கவில்லை. மகள் வரட்டும் என்று இருந்தார்களாம். மணிமங்கலத்து மணப்பெண் வந்திருந்தாள். அவளுக்கும் தலை நரைத்துவிட்டது. இருங்காட்டுக்கோட்டையில் ஒரு கேன்டீனில் வேலை, ஷிப்டு முடிந்து நேராக வந்திருந்தாள். என்னைப் பக்கத்தில் இழுத்து உட்கார வைத்துத் தோளில் கை போட்டாள்.

"நீ ஆரம்பிக்கா" என்றாள்.

ஆரம்பித்தேன். சுருதி சுத்தமாக இருந்தது. வரி முடிந்ததும் பழக்கதோஷத்தில் நாலு மாத்திரை இடைவெளி விட்டேன், கிடார் வாசிக்கிற இடம் அது. யாரும் வாங்கிக்கொள்ளவில்லை. மரியாதையாகக் கேட்டுக்கொண்டிருந்தார்கள். இரண்டாவது வரியின் வளைவில் என் கண் தானாக மூடிக்கொண்டது, மேடையில் மூடிக்கொள்வது போல.

அவள் என் தோளை அழுத்தினாள். "பாடாதக்கா. அழுவு."

எனக்கு வரவில்லை. வாயைத் திறந்தால் பாட்டுதான் வந்தது. அவள் கொஞ்சம் காத்திருந்து பார்த்துவிட்டு அவளே எடுத்தாள். ‘என்னப் பெத்த அம்மா’ என்று தொடங்கி, வரி முடிகிற இடத்தில் குரலை வளைத்துக் கீழே விட்டாள். அது அம்மாவின் வளைவு. இழையும் பிசகவில்லை.

பிறகு, அம்மாவைத் தூக்கிக்கொண்டு போன பின், இது உனக்கு எப்படி வந்தது என்று கேட்டேன்.

"எங்கம்மா செத்தப்போ உங்கம்மாதான வந்து அழுதுது" என்றாள். "ரெண்டு பேரும் பதினோரு வருசம் பேசல. அத்தன வருசத்தயும் சொல்லிச் சொல்லி அழுதுது. அப்புறம் இந்த ஊருல எந்தச் சாவுக்குத்தான் அழுவல? பக்கத்துல குந்திக்கினு நானும் வாங்கிக்கினேன்."

அந்த வருஷங்களில் நான் எங்கெங்கோ மேடைகளில் நின்று, இது என் அம்மாவின் குரல், இப்போது என்னிடம் மட்டும்தான் இருக்கிறது என்று சொல்லிவிட்டுப் பாட்டைத் தொடங்கிக்கொண்டிருந்தேன். அவளிடம் இதைச் சொல்லவில்லை. அன்று அவள் எடுத்துக்கொடுக்க, வட்டத்தில் எல்லாரும் என் அம்மாவுக்காக அழுதார்கள். எனக்கு மட்டும்தான் அழத் தெரியவில்லை.