பிலிம் கழுவ எட்டுக் குடம்

நான் அஞ்சாப்பு வரைக்கும் படிச்சவன். தச்சு வேலைக் குடும்பம். காரைக்குடியில் ஒரு போட்டோ ஸ்டுடியோவில் டார்க் ரூம் வேலை பழகினேன். அறுபதுகளின் கடைசியில் பழைய பதினாறு எம்.எம். கேமரா ஒன்று கைக்கு வந்தது. சாவி கொடுத்து ஓட்டுவது. ஸ்டுடியோவை விட்டுவிட்டுச் சொந்தமாகப் படம் எடுக்க ஆரம்பித்தேன்.

முதல் படம் கண்டனூர்ப் பக்கம் ஒரு ஊருணி. மழை பொய்த்த வருஷம். ஒரே கல்லில் கேமராவை வைத்து வாரம் ஒரு ஷாட். தண்ணீர் படி படியாக இறங்குவதுதான் படம். பேச்சு, பாட்டு கிடையாது.

"கதாநாயகி எப்ப வருவா?" என்பார் ஊருணிக் காவல்காரர்.

"இறங்கிக்கிட்டு இருக்கா" என்பேன்.

டெவலப் செய்வதும் நானேதான். பூட்டிக் கிடந்த செட்டியார் வீட்டுப் பின்கட்டில் ஒரு அறை கொடுத்திருந்தார்கள். கடைசியில் பிலிமை நன்றாகக் கழுவ வேண்டும். ஹைப்போ மருந்து தங்கினால் படம் மஞ்சளாகிவிடும். கிணறு உப்பு. அதில் கழுவினால் காய்ந்ததும் புள்ளி விழும். அதனால் ஊருணித் தண்ணீர்தான்.

ஊருணி அடி தெரிந்தபோது தினம் வீட்டுக்கு ஒரு குடம் என்று ஊரில் முறை வைத்தார்கள். குடிக்க மட்டும். கடைசி ரோல் கழுவ எனக்கு எட்டுக் குடம் வேண்டும்.

"மெட்ராஸ்லேர்ந்து படத்து ஆளுக வந்திருக்காக, குடிக்க எட்டுக் குடம் வேணும்" என்று காவல்காரரிடம் சொன்னேன். பொய். நம்பி விட்டார்.

அன்று வரிசைக் கடைசியில் நின்ற எட்டு வீட்டுக்குத் தண்ணீர் இல்லை. அதில் ஒருத்தி மீனாள், சித்தாள் வேலை பார்ப்பவள். வெறுங்குடத்தோடு திரும்பியவள், பின்கட்டு வாய்க்காலில் தண்ணீர் ஓடுவதைப் பார்த்து உள்ளே வந்தாள். ஆறு குடம் ஊற்றியிருந்தேன்.

"என்னய்யா கழுவுறீக?"

"பிலிமு."

"அதுல என்ன இருக்கு?"

"நம்ம ஊருணி."

வெறுங்குடத்தை இடுப்பிலிருந்து இறக்கினாள்.

"ஊருணியக் கழுவ ஊருணித் தண்ணியா. நல்லாருக்குய்யா உங்க பொழப்பு."

மீதி ரெண்டு குடத்தைக் காட்டினேன்.

"மருந்துக் கைய உள்ள விட்டீகளா?"

"இல்ல."

மோந்து பார்த்தாள். ஒன்றைத் தன் குடத்தில் சாய்த்துக்கொண்டாள்.

"இன்னொண்ணு அன்னம் வீட்டுக்கு. புள்ளத்தாச்சி. நீங்களே தூக்கியாங்க. மத்த ஆறு வீட்டுக்கு என்ன சொல்லுவீகளோ, தெரியல."

தூக்கிப் போனேன். ஆறு வீட்டிலும் உண்மையைச் சொன்னேன். ஒரு வீட்டில் கதவைச் சாத்தினார்கள். காவல்காரர் அதற்கப்புறம் என்னோடு பேசவில்லை.

மிச்சக் கழுவலைக் கிணற்றுத் தண்ணீரில் முடித்தேன். புள்ளி விழுந்தது.

மெட்ராஸில் படம் போட்டபோது ஒருவர் எழுந்து கேட்டார். "கடைசியில அந்தப் புள்ளியெல்லாம் எப்படி சார் கொண்டுவந்தீங்க? புது டெக்னிக்கா?"

"கிணத்துத் தண்ணி" என்றேன். சிரித்தார்கள். நடந்ததைச் சொன்னேன். சிரிப்பு நின்றது.

இந்த வேலைக்கு வருகிறவர்களுக்கு ஒன்று சொல்கிறேன். எடுத்த பிலிமை டெவலப் செய்யாமல் டப்பாவில் மூடி வைத்தால் அடுத்த மழை வரைக்கும் கெடாது. அந்த ரோலும் காத்திருந்திருக்கும். அவசரம் எனக்குத்தான்.