மலையாளப் படமும் மனேஜர் அப்பாவும்

ஒஸ்லோவில் எனக்கு இன்னும் பழகாத ஒன்று, இங்குள்ளவர்கள் தங்கள் தகப்பனின் தொழிலைச் சொல்லும் விதம். மதிய உணவு மேசையில், என்னோடு வேலை செய்யும் பொறியியலாளர் ஒருத்தி, தன் தகப்பன் பேருந்து ஓட்டுகிறார் என்றாள், மழை பெய்கிறது என்பதைப் போல. என்னைக் கேட்டபோது, "பாடசாலையில் வாஸ்க்" என்றேன். துப்புரவு வேலைக்கு இங்கே அதுதான் சொல். குரல் தானாகவே தாழ்ந்துவிட்டது. அவள் பரிவோடு குனிந்து, "அவருக்கு உடம்பு சரியில்லையா?" என்றாள்.

யாழ்ப்பாணத்துச் சொந்தக்காரரைப் பொறுத்தவரை அப்பா ஒஸ்லோவில் ஒரு மனேஜர். போர் ஓய்ந்து யாழ்ப்பாணப் பாதை திறந்தபின் அந்தக் கோடையில் குடும்பமாக முதல் தடவை ஊருக்குப் போக இருந்தோம். யார் விசாரித்தாலும் அப்படியே சொல்லும்படி அப்பா கேட்டிருந்தார். எனக்குப் பொய் வராது. மாட்டேன் என்று அவர் முகத்துக்கு நேரே சொல்லவும் வரவில்லை.

அந்த வாரம் ஒஸ்லோவின் குறொன்லாண்ட் பகுதித் தமிழ்க் கடையில் ஒரு மலையாளப் படம் எடுத்தேன். கடைக்காரர் டிவிடியைத் தயங்கித் தந்தார்.

"மலையாளமோ? தங்கச்சி, வீட்டிலை பெரியாக்களும் இருக்கினமெல்லே?"

"அவையோடைதான் பாக்கப்போறன், அண்ணை."

எங்கள் ஆட்களுக்கு மலையாளப் படமென்றால் ஒரேயொரு வகைதான். நான் தேடிப் பார்ப்பவை வேறு. அன்றிரவு அப்பாவோடு பார்த்தபோது, இந்தப் படத்தில் கேலிக்கு உள்ளானவற்றை மனதுக்குள் வரிசைப்படுத்திக்கொண்டேன்: வளைகுடாவிலிருந்து வந்தவன் வீட்டுக்குள்ளும் கழற்றாத கறுப்புக் கண்ணாடி, பெண்ணின் நகையை நிறுக்கும் கல்யாணப் பேச்சு, புரட்சி பேசியபடியே மனைவியிடம் தேநீர் கேட்கும் தோழர். எடுத்தவர்களும் கேரளத்தார், காசு கொடுத்துப் பார்த்துச் சிரித்தவர்களும் கேரளத்தார். தன்னையே இப்படிப் பார்க்க ஒரு சமூகத்துக்குத் தெம்பு வேண்டும். எங்களுக்கு வேலை முடிந்து வந்தால் களைப்புத்தான் மிச்சம்.

அப்பா விழுந்து விழுந்து சிரித்தார். கண்ணாடிக்காரன் வளைகுடாவில் கோப்பை கழுவுகிறவன் என்று தெரியவந்த இடத்தில் சிரிப்பு நின்றது.

"படத்திலை ஒரு பிழை," என்றார் கடைசியில். "பொய்யை அவன் துவங்கினதெண்டு காட்டுறாங்கள். நான் வந்த புதுசிலை உண்மையைத்தான் சொன்னனான். ஊரிலை ஆர் நம்பினது? காசை ஒளிக்கிறான் எண்டிச்சினம்."

"இப்ப சொல்லிப் பாப்பமே, அப்பா?"

"நீ சொல்லு. எனக்கு ஏலாது."

சனிக்கிழமை காலை, யாழ்ப்பாணத்திலிருந்து அப்பாவின் தங்கை, என் மாமி, அழைத்தார். வழக்கம்போல் அப்பாவின் வேலையை விசாரித்தார்.

"அப்பா பள்ளிக்கூடம் கூட்டித் துடைக்கிறவர், மாமி. மனேஜர் இல்லை."

மறுமுனையில் பெரிய சிரிப்பு. அப்பாவுக்கும் கேட்டிருக்கும். "போடி பகிடிக்காரி! எங்கை மனேஜர் ஐயா? குடு அவரிட்டை."

மேலதிக வேலைக்குப் புறப்பட்டுக்கொண்டிருந்த அப்பா, ஒரு காலில் மட்டும் சப்பாத்தோடு நின்றார். "சொல்லுங்கோ" என்று வாயசைத்தேன். அவர் தொலைபேசியை வாங்கினார்.

"ஓம் தங்கச்சி," என்றார், "மனேஜர்தான் கதைக்கிறன்."

மற்றக் கையில் பள்ளிக்கூடக் கதவுகளின் திறப்புக் கோர்வை இருந்தது. சத்தம் வராதபடி அதை இறுக்கிப் பிடித்திருந்தார்.