இருபத்திரண்டு குடிசைகளின் ஓட்டு

எண்ணூர் முகத்துவாரத்துக்கு அருகே, ஒரு பக்கம் உப்பங்கழியும் மறுபக்கம் கடலுமாக இருபத்திரண்டு குடிசைகள். அதுதான் நான் வாழ்க்கைப்பட்ட குப்பம். காசிமேட்டில் பிறந்த எனக்கு முதலில் அதைப் பார்த்துச் சிரிப்புதான் வந்தது. "ஒரு வலைய விரிச்சா மொத்த ஊரும் மூடிக்கும்" என்று பக்கத்து ஊர்க் காத்திவாக்கத்துக்காரர்கள் கேலி பேசுவார்கள். ஒரே வருஷத்தில் அவர்களோடு நானே சண்டைக்கு நிற்கத் தொடங்கிவிட்டேன். சின்ன ஊர் என்றால் ஊர் இல்லையா?

சுதந்திரம் வந்தபின் நடந்த முதல் தேர்தல் அது. வாக்காளர் பட்டியல் எழுத ஒரு குமாஸ்தா வந்தபோது ஆண்களெல்லாம் கடலில் இருந்தார்கள். "பட்டியல்ல பேரு வந்தாத்தான் இங்க ஒரு ஊர் இருக்குன்னு சர்க்காருக்குத் தெரியும்" என்றார் அவர். எங்களுக்குச் சுருக்கென்றது. போய் வரிசையில் நின்றோம்.

எங்கள் பெயரைச் சொன்னோம். அடுத்து, "புருஷன் பேரு?" என்றார். ஒருத்தியும் வாய் திறக்கவில்லை. கட்டினவன் பெயரைச் சொன்னால் கடலில் இருப்பவனுக்கு ஆகாது என்பது எங்கள் வழக்கம். ஆனால் அடுத்தவள் புருஷன் பெயரைச் சொல்லத் தடை ஏதுமில்லை. ஆளுக்கு ஆள் பக்கத்தில் நிற்பவளுடைய புருஷன் பெயரைச் சொல்லிவிடலாம் என்று நான்தான் யோசனை சொன்னேன். அவர் தலை நிமிராமல் எழுதிக்கொண்டே போனார். என் மூளையை நானே மெச்சிக்கொண்டேன்.

தேர்தல் அன்று, கழிக்கு அக்கரையில் இருந்த வாக்குச்சாவடியில்தான் குட்டு உடைந்தது. யார் எந்தப் பெயரைச் சொன்னாளோ, அவளுக்கே அதைப் புருஷன் பெயராக எழுதி வைத்திருந்தார் அந்தக் குமாஸ்தா. பட்டியலில் நான் பக்கத்து வீட்டு அண்ணனின் மனைவி.

அங்கிருந்த அதிகாரி நல்லவர்தான். "தப்பு நடந்துபோச்சு. சரியான பேரை நீங்களே உங்க வாயால சொல்லுங்கம்மா, ஓட்டுப் போடலாம். இல்லேன்னா முடியாது" என்றார். ஆண்கள் வரிசையிலிருந்து என் கணவர் தன் பெயரைச் சொல்ல வாயெடுத்தார். அதிகாரி அவரைக் கையமர்த்திவிட்டார்.

பக்கத்து வீட்டு அக்கா என் முந்தானையை இழுத்தாள். "வாணாம்மே, வூட்டுக்குப் பூடலாம். ஓட்டாவது ஒண்ணாவது."

எனக்குப் பொத்துக்கொண்டு வந்தது. என் யோசனையால் ஊரே இல்லாமல் போவதா? "நாம திரும்பிப் போனா அப்படி ஒரு ஊரே இல்லன்னு எழுதிடுவாங்கக்கா. அவுரு இன்னிக்கிக் கடல்லயா கீறாரு? எதுர்லதான நின்னுகினு கீறாரு" என்றேன்.

சொன்னேன். அவர் பெயரை உரக்கவே சொன்னேன். எனக்குப் பின்னால் அக்கா சொன்னாள், அவளுக்குப் பின்னால் அடுத்தவள். எங்கள் ஆண்கள் வெட்கத்தில் மண்ணைப் பார்த்துக்கொண்டு நின்றார்கள். ஒருத்தி பாக்கியில்லாமல் ஓட்டுப் போட்டோம். அன்று எனக்கு இருந்த கர்வத்தை எந்த ராணியும் கண்டிருக்கமாட்டாள்.

திரும்பும்போது தோணியில் நாங்கள் இருவர் மட்டும். கழியின் நடுவில் கணவர் துடுப்பை நிறுத்தி, முகத்தைத் திருப்பாமலே கேட்டார்: "இன்னொரு தபா சொல்லேன்."

"தண்ணி மேல கீறோம். கரைக்குப் போ, சொல்றேன்" என்றேன்.

அவர் அவ்வளவு வேகமாகத் துடுப்புப் போட்டு நான் பார்த்ததில்லை.