மலைப்படி மனு

எங்கள் அலுவலகத்து நில அளவையர் மாலை மரியாதையோடு ஓய்வு பெற்றுப் போனார். மூன்றாம் மாதமே அதே நாற்காலிக்குத் திரும்பி வந்தார். மேடு பள்ளம் ஏறி இறங்கி நிலம் அளக்க வேறு ஆள் கிடைக்காததால் அவரையே ஒப்பந்தத்தில் கூப்பிட்டுக்கொண்டார்கள். வேலை பழையது, மேசை பழையது, காலையில் கண்ணமங்கலத்தில் அவர் ஏறும் பஸ்ஸும் பழையது. தொகுப்பூதியம் மட்டும் புதிது. மலையில் வேலை பார்ப்பதற்காக எங்களுக்கெல்லாம் சம்பளத்தோடு வரும் மலைப்படி அவருக்கு நின்றுபோனது.

சம்பளப் பட்டியல் போடும் தலைமை எழுத்தர் நான்.

"குளிர் எனக்கு மட்டும் நின்னுபோச்சா தம்பி?" என்று கேட்பார்.

"ஆணையில ஒண்ணும் சொல்லலையேண்ணே" என்பேன்.

இருபத்தெட்டு வருட சர்வீஸில் நான் சொந்தமாக எழுதிய வாக்கியம் ஒன்றுகூடக் கிடையாது. எந்தக் கோப்பு வந்தாலும் 'தக்க ஆணைக்காகப் பணிந்து அனுப்பப்படுகிறது' என்று எழுதி மேலே தள்ளிவிடுவேன். இதில் எனக்குக் கொஞ்சம் பெருமைகூட உண்டு.

ஒப்பந்தம் பதினொரு மாதம். முடிந்ததும் ஒரு நாள் இடைவெளி விட்டு அடுத்த ஒப்பந்தம் போடுவார்கள். தொடர்ந்து வேலை பார்த்தேன் என்று யாரும் உரிமை கொண்டாடிவிடக் கூடாதல்லவா? அந்த ஒரு நாள் மனிதர் வீட்டில் படுத்துத் தூங்கியிருக்கலாம். வழக்கமான பஸ்ஸில் வந்து இறங்கி, மனுதாரர்கள் பெஞ்சில் உட்கார்ந்துவிட்டார். பக்கத்தில், தன் சாமைக் காட்டை அளந்து தரச் சொல்லி வந்திருந்த ஓர் அம்மா.

"அளக்குற சார் நீங்கதானே? இன்னா இங்க உக்காந்துகினு இருக்கீங்க?"

"இன்னிக்கி நான் சர்க்கார் ஆளு இல்லம்மா. உன்ன மாதிரி மனு குடுக்க வந்திருக்கேன்."

"அப்ப என் காட்ட யாரு அளக்கறது?"

"நாளைக்கி நான்தான்."

"நீங்களே வெளிய காத்துகினு இருந்தா, என் வேல எந்த காலத்துல முடியறது?" என்று அந்த அம்மா தலையில் கைவைத்துக்கொண்டார்.

அளவையரின் முறை வந்ததும் என் எதிரில் கைகட்டி நின்றார்.

"வணக்கங்கய்யா."

"ஏண்ணே மானத்த வாங்கறீங்க? உக்காருங்க."

"மனு குடுக்க வந்தவன உக்காரச் சொன்ன மொத ஆபீசரு நீங்கதாங்கய்யா. மவராசனா இருங்க."

காரணம் இல்லாமல் இந்தக் கூத்து இல்லை. உள்ளே இருப்பவர் கேட்டால் அது முணுமுணுப்பு. பொதுமக்களில் ஒருவர் எழுதிக் கொடுத்தால் ரசீது தர வேண்டும், பதிலும் சொல்ல வேண்டும். மலைப்படி கேட்டு அவர் எழுதிய மனுவுக்கு ரசீது கொடுத்தேன். என் ஒற்றை வாக்கியத்தை எழுதி மனுவை மேலே அனுப்பினேன். மறுநாள் அவர் நாற்காலிக்குத் திரும்பி, அந்த அம்மாவின் காட்டையும் அளந்துவிட்டு வந்தார்.

இரண்டு மாதம் ஆகியும் மனுவுக்குப் பதில் வரவில்லை. திருத்திய ஒப்பந்த ஆணை வந்தது. அதில் புதிதாக ஒரு வரி: 'இந்நாள் முதல் மலைப்படி உட்பட எந்தப் படியும் கோர உரிமை இல்லை.' துக்கம் விசாரிக்கும் முகத்தோடு அவரிடம் நீட்டினேன். படித்துவிட்டு மேசையைத் தட்டிச் சிரித்தார்.

"நல்ல சேதி தம்பி! இன்னிலேர்ந்து உரிமை இல்லன்னா, நேத்து வரைக்கும் இருந்துச்சுன்னுதானே அர்த்தம்? இல்லாதத எப்பிடி எடுக்க முடியும்? பழைய மாசத்துக்கெல்லாம் படி கேட்டு எழுது. சும்மா தள்ளிவுடாத, பரிந்துரை பண்ணி எழுது."

"எனக்கு எதுக்குண்ணே வம்பு?"

"உனக்கு ரிடையர்மென்ட் எப்போ?"

"ஆறு வருஷம் இருக்கு."

"அப்புறம் இன்னா பண்ணப்போற?"

யோசித்துப் பார்த்தேன். பகல் முழுக்க நான் வீட்டில் இருக்கப்போவதை நினைத்து என் மனைவி இப்போதே கவலைப்படுகிறாள். இதே நாற்காலிக்கு நானும் ஒப்பந்தத்தில் வந்து சேரத்தான் போகிறேன். மலை அன்றைக்கும் குளிரத்தான் போகிறது. பேனாவை எடுத்தேன். இரண்டு பக்கம் எழுதினேன், அத்தனையும் சொந்த வாக்கியங்கள். கடைசியில் 'பரிந்துரைக்கப்படுகிறது' என்று எழுதிக் கையெழுத்துப் போட்டேன்.

கோப்பு இப்போது மாவட்டத் தலைமையிடத்தில் இருக்கிறது. அவர் வாரத்துக்கு ஒருமுறை விசாரிக்கிறார், நான் இரண்டுமுறை. நேற்று தொலைபேசியை எடுத்தவர் சலித்துப்போய், "இவ்ளோ அவசரப்படறீங்களே, இது உங்க கேஸா சார்?" என்று கேட்டார்.

இன்னும் இல்லை என்றேன்.